ஒரு பெயர் போதும்

"எங்கே சார் கையெழுத்துப் போடணும்?"

வக்கீலிடம் தம்பி இப்படிக் கேட்டதும் அண்ணனுக்குக் கோபம் தலைக்கேறியது.

"போடுவடா, போடுவ! அஞ்சு வருஷமா கோர்ட்டுக்கும் வீட்டுக்கும் உன்கூட நாயா அலைஞ்சேனே, கேஸை வாபஸ் வாங்கறதுக்கு முன்னாடி என்னை ஒரு வார்த்தை கேட்டியா?"

பழைய வண்டிகளை வாங்கி விற்கிறவர். ஓடாத வண்டிக்கே ஓடுகிற வண்டி விலை பேசி முடிக்கிற ஆள். ஜெயிக்கிற கேஸை ஒருத்தன் தானாக விட்டுக்கொடுப்பது அவர் கேள்விப்படாத வியாபாரம்.

ஜெயிக்கிற கேஸ்தான். பல்கலைக்கழக நேர்காணலில் முதல் மார்க் தம்பிக்கு. விரிவுரையாளர் வேலை போனதோ நாலாவதாக வந்த ஒரு பெண்ணுக்கு. அந்த மார்க் பட்டியலின் நகலே இப்போது கையில் இருந்தது.

வக்கீல் கண்ணாடியைக் கழற்றி மேஜையில் வைத்தார்.

"நீதிபதி கேட்டது ஒண்ணுதான். இந்த நகல் வெளியே எப்படி வந்தது? கொடுத்தவங்க பேரை எழுதிக் கொடுத்தா ஏத்துக்கறேன்னார். ஒரு பேர் போதும், வேலை உங்களுக்கு. வாபஸ் வாங்கிட்டா மறுபடி போட முடியாது. வயசு வரம்பும் இந்த வருஷத்தோட சரி."

"தெரியும் சார்."

"யாருடா அந்த மகராசன்? கிளார்க்கா, பியூனா?" அண்ணன் மேஜையைத் தட்டினார். "அவனுக்கு வேலை போனா என் கடையில சேர்த்துக்கறேன். பேரைச் சொல்லித் தொலை!"

"வேலை போறதோட நிக்காதுண்ணே. ஃபைலைத் திருடினதா போலீஸ்ல கேஸும் குடுப்பாங்க."

"குடுக்கட்டும்! உன் பொழப்பு? சாகற வரைக்கும் டியூஷன் சென்டர்ல தொண்டை கிழியக் கத்தப் போறியா? அங்கே ஒருத்தி உன் நாற்காலியில ஜம்முனு உக்காந்திருக்கா. இங்கே இவரு தர்மப்பிரபு!"

வக்கீல் விரல் வைத்துக் காட்டிய மூன்று இடங்களிலும் தம்பி கையெழுத்துப் போட்டான்.

மாடிப்படியில் அண்ணன் திரும்பியே பார்க்காமல் இறங்கினார். தெருவுக்கு வந்ததும் வண்டியைக் கிளப்பினார். ஏறப் போனவனைக் கையை நீட்டித் தடுத்தார்.

"நடந்தே வா. விலை போயிட்டான்னு ஊரே பேசும். நானும் அப்படித்தான் நினைப்பேன்."

"நினைச்சுக்கோண்ணே."

அந்தக் குரல் என்னவோ செய்தது. அண்ணன் எஞ்சினை அணைத்தார்.

"அப்படி என்னடா? அந்த ஆள் உனக்கு மாமனா, மச்சானா?"

"முன்னே பின்னே பார்த்ததுகூட இல்லை. போன மாசம் வீட்டைத் தேடி வந்து, வாசல்லயே நின்னு குடுத்துட்டுப் போனாங்க. 'அஞ்சு வருஷமா நான் உக்காந்திருக்கறது உங்க நாற்காலின்னு நேத்துதான் தெரிஞ்சுது, எடுத்துக்குங்க'ன்னு."