கன்னத்துச் சிவப்பு

கண்ணாடிக்குக் கீழே இருந்த பரு க்ரீமுக்குப் பெருமையில் தலைகால் புரியவில்லை. டாக்டர் ராத்திரியில் துளியூண்டு தடவச் சொல்லியிருந்தார். தாரிணியோ கண்ணாடியைப் பார்க்கும்போதெல்லாம் எடுத்து அப்பிக்கொண்டாள்.

"போதும்ப்பா, எரியுது," என்றது கன்னம்.

"பரு போக வேண்டாமா? பொறுத்துக்கோ," என்று அதட்டியது க்ரீம்.

பரு போயே போய்விட்டது. ஆனால் கன்னம் முழுக்கத் தோல் உரிந்து செக்கச்செவேலென்று ஆகியிருந்தது. அதைப் பார்த்ததும் க்ரீம் ட்யூபின் அடியில் போய்ப் பதுங்கிக்கொண்டது.

தாரிணி கண்ணாடி முன்னால் வந்து நின்றாள். "ஐயோ, எல்லா இடத்துலயும் பரவிடுச்சே!" என்று ட்யூபை எடுத்து மூடியைத் திருகினாள்.

"அது பரு இல்லைம்மா, நான்தான்!" என்று கத்தியது க்ரீம்.

அவளுக்கு எங்கே கேட்கப் போகிறது? அடியிலிருந்து அழுத்திப் பிதுக்கினாள்.