எதிர்த்தரப்பு

"பெஞ்சை எதுக்குக் கண்ணு இப்படி நசுக்குறே? அரசாங்கச் சொத்து. அதுக்கும் ஒரு கேஸ் போட்டுடப் போறாங்க."

பக்கத்திலிருந்த பெண்மணி சொன்னதும்தான் நாஹித் தன் விரல்களைப் பார்த்தாள். பலகை விளிம்பை இறுகப் பற்றி வெளுத்துப் போயிருந்தன.

கெய்ரோவின் உச்ச நிர்வாக நீதிமன்றத் தாழ்வாரம் அது. உள்ளே தீர்ப்புகளை வாசித்துக்கொண்டிருந்தார்கள். அவளுடைய வக்கீல் வக்தி உள்ளே போய் வெகு நேரமாகிவிட்டது.

"நான் இன்ஸாஃப். பள்ளிக்கூட டீச்சர். எனக்கு வரவேண்டிய ஹெட்மிஸ்ட்ரஸ் பதவி யாரோட மச்சினிச்சிக்கோ போயிடுச்சு. உனக்கு என்ன?"

"நான் குடிநீர் வாரியத்துல இன்ஜினீயர். பம்பிங் பிரிவுக்குத் தலைவர் பதவி. சீனியாரிட்டியில நான்தான் முன்னாடி. ஆனா ஜூனியர் ஒருத்தருக்குக் குடுத்துட்டாங்க."

"ஏனாம்?"

"ராத்திரியில குழாய் வெடிச்சா பொம்பளை வருவாளான்னு கேட்டாங்க. கீழ்க்கோர்ட்டும் அதையே சொல்லிடுச்சு."

"குழந்தை வாந்தி எடுத்தா மட்டும் ராத்திரியில பொம்பளைதான் எழுந்திருக்கணுமாக்கும்!"

நாஹித்துக்குச் சிரிப்பு வரவில்லை. இதுதான் கடைசி அப்பீல். தோற்றால், ஓய்வு பெறும் வரை அந்த ஜூனியருடைய மேஜை முன்னால் கையெழுத்துக்காக நிற்க வேண்டும். ஜெயித்தால்? அதை நினைக்கத்தான் அவளுக்கு இன்னும் பயமாக இருந்தது.

"அந்த ஆள் வந்திருக்கானா?"

நாஹித் தயங்கினாள். பிறகு தாழ்வாரக் கோடியில், தூணில் சாய்ந்து நின்ற மனிதரைக் கண்ணால் காட்டினாள்.

"அவனா? மூஞ்சி எப்படித் தொங்கிக் கிடக்கு பாரு! சட்டையைக்கூடத் தேய்க்கத் துப்பில்லை. வேலையாவது தெரியுமா?"

"தெரியும். நல்லாவே தெரியும்."

"நல்லா இருக்கே! தீர்ப்பு வர்றதுக்கு முன்னாடியே எதிரிக்குச் சர்டிபிகேட் குடுக்கிறியே?"

நாஹித் பதில் சொல்ல வாயெடுப்பதற்குள் கதவு திறந்தது. வக்தி கழுத்து வியர்வையைத் துடைத்தபடி வெளியே வந்தார். அவர் முகத்திலிருந்து எதையும் கண்டுபிடிக்க முடியவில்லை.

"மேடம் நாஹித், அவருக்குக் குடுத்த பதவி உயர்வை ரத்து பண்ணிட்டாங்க. பதவி உங்களுக்குத்தான். இதுக்கு மேல யாரும் அப்பீலுக்குப் போக முடியாது."

இன்ஸாஃப் குலவையிட்டாள். காவலர் ஓடி வந்து அதட்டினார். "என் கேஸுலேயும் ஒருநாள் இப்படித்தான் கத்துவேன், போய்யா!" என்றாள் அவரிடம்.

நாஹித் எழுந்தாள். தூணருகே நின்ற மனிதர் அவர்களை நோக்கித்தான் வந்துகொண்டிருந்தார்.

இன்ஸாஃப் சட்டென்று குறுக்கே போய் நின்றாள். "தோத்துட்டா தோத்த மாதிரி போகணும்யா! அவகிட்ட என்ன வம்பு?"

அவர் அவளை ஒதுக்கவில்லை. அவள் தோளுக்கு மேலாக நாஹித்தை மட்டும் பார்த்தார்.

"வாழ்த்துகள், மேடம்." பிறகு குரலைத் தாழ்த்திக் கேட்டார்.

"கேஸ்தான் முடிஞ்சிடுச்சே நாஹித், இன்னிக்காவது பிள்ளைங்க ரூமை விட்டு நம்ம ரூமுக்கு வந்து படுப்பியா?"