இரண்டு பிரசவங்கள்

ஏழாம் மாதத்திலேயே சகாயமேரிக்கு வலி வந்துவிட்டது. குழந்தை இம்முறையும் தலை மேலும் கால் கீழுமாகவே இருந்தது. போன முறை, “கத்தி வேண்டாம், தானாப் பொறக்கட்டும்” என்று கணவன் லூர்து சொன்னான். தலை சிக்கிப் பிள்ளை இறந்தது. இரண்டு வருடமாக அவள் அவனிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை.

“ஆபரேஷன் பண்ணினாலும் உறுதி சொல்ல முடியாதும்மா” என்றார் டாக்டரம்மா.

“கீறிருங்க” என்றாள் சகாயமேரி.

மகள் ஒன்றரை நாள்தான் உயிரோடு இருந்தாள்.

தையல் பிரிக்கும்போது சகாயமேரி கேட்டாள்: “தானாப் பெத்திருந்தா இருந்திருப்பாளா?”

“தெரியலம்மா.”

“அப்ப மூத்தவன்? அவனுக்குக் கீறியிருந்தா?”

டாக்டரம்மா கையை நிறுத்தினார். “அதுவும் தெரியாதும்மா.”

லூர்து வெந்நீர் பிளாஸ்க்கோடு வாசலிலேயே நின்றான். இனி அவனைக் கோபித்துக்கொள்ளவும் வழியில்லை என்று தோன்றியதும் அவளுக்கு அழுகை முட்டிக்கொண்டு வந்தது.