வந்துட்டியா

கண்காட்சிக் கூடத்தின் நடுவில் சுவர் இல்லாமல் ஒரு கதவு மட்டும் நின்றது. திறந்தால் அதிலிருந்த சென்சார் உணர்ந்துகொள்ளும். ஓர் ஆண் குரல் கேட்கும்.

"வந்துட்டியா? களைச்சுப் போயிருப்பே. உக்காரு மொதல்ல."

அவ்வளவுதான். பக்கத்துப் பலகையில் 'குரல்: என் கணவர்' என்று மட்டும் எழுதியிருந்தது. திறந்தவர்கள் மூக்கை உறிஞ்சிக்கொண்டே நகர்ந்தார்கள்.

ஒரு பெண்மணி, அதை உருவாக்கிய கலைஞியின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"இப்படி ஒரு மனுஷன். கொடுத்து வெச்சவங்க நீங்க."

"ம்."

"எப்போ தவறினார்?"

"அதோ, வரிசையில நிக்கிறார்."

பெண்மணி கையை விட்டுவிட்டாள்.

கணவரின் முறை வந்தது. போனைப் பைக்குள் போட்டுவிட்டுத் திறந்தார். முழுவதும் கேட்டார். சாத்திவிட்டு மனைவியிடம் வந்தார்.

"குரல் நல்லாருக்கு. யாரோடது?"

"உங்களோடதுதான்." அவள் ஸ்பீக்கர் ஒயரைச் சரிசெய்துகொண்டே சொன்னாள். "போன்ல மத்தவங்ககிட்ட நீங்க பேசினதையெல்லாம் எடுத்து, ஒவ்வொரு வார்த்தையா வெட்டி ஒட்டினேன்."

"அதானே பார்த்தேன்" என்றார் அவர், நிம்மதியாக. "நான் எப்போ உன்கிட்ட இப்படியெல்லாம் பேசினேன்?"