அதே குரல்

பன்னிரண்டாம் பக்கத்திலேயே 'மீசை' அவளிடம் மாட்டிக்கொண்டார்.

எழுதியவர் பெயரை எடுத்துவிட்டுத்தான் பதிப்பகம் அந்தக் கையெழுத்துப் பிரதியை அவளிடம் மதிப்பீட்டுக்கு அனுப்பியிருந்தது. ஆங்கிலக் காவியங்களில் கதை சொல்லும் குரலைப் பற்றிய ஆய்வு. பெயரை எடுத்துவிட்டால் ஆச்சா? எடுப்பாக ஒரு கேள்வியைப் போட்டு, பதில் சொல்லாமல் "அது கிடக்கட்டும்" என்று நகர்கிற அந்தத் திமிரை அவள் தூக்கத்தில்கூட அடையாளம் சொல்வாள்.

இருபது வருடத்துக்கு முன்னால் அவளுடைய முதல் புத்தகத்தை, பெயர் போடாத ஒரு மதிப்புரை இதே தோரணையில் கிழித்துத் தொங்கவிட்டது. காவியத்தில் தோற்றவனை வாய் ஓயாமல் திட்டுகிற கதைசொல்லி, நல்ல வரிகளை எல்லாம் அவனுக்கே கொடுத்துவிடுகிறான். அந்தக் கதைசொல்லியின் பேச்சைக் கவிஞரின் பேச்சு என்று நம்பிவிடக் கூடாது என்று அந்தப் புத்தகத்தில் அவள் எழுதியிருந்தாள். "அடுத்தவர் குரலை ஆராயும் இவருக்குச் சொந்தக் குரல் உண்டா? அது கிடக்கட்டும்" என்று முடிந்திருந்தது மதிப்புரை.

அதோடு, கைக்கு வந்த பல்கலைக்கழக வேலை நழுவிப் போனது. மாணவர்கள் 'மீசை' என்று கூப்பிடும் துறைத்தலைவரின் கைவரிசைதான் அது என்று அடித்துச் சொன்னவர், அப்போது உடன் ஆய்வு செய்து, பின்னால் அவள் கணவரானவர். அன்றிலிருந்து வயிறு எரிந்துகொண்டிருந்தவள் இப்போது விடுவாளா?

ஒரு வாரம் உட்கார்ந்து எட்டுப் பக்கம் எழுதினாள். ஒவ்வொரு அத்தியாயமாகத் தோலை உரித்தாள். உண்மையிலேயே நன்றாக இருந்த நாலாவது அத்தியாயத்தையும் விட்டுவைக்கவில்லை. 'வெளியிடத் தகுதியற்றது' என்று முடித்து அனுப்பிய அன்று வயிறாரச் சாப்பிட்டுவிட்டுத் தூங்கினாள்.

பத்து நாள் கழித்து, கணவர் பல்கலைக்கழகத்திலிருந்து முகம் செத்து வந்தார். கையில் அந்த எட்டுப் பக்கம்.

அவளுக்குத் தெரியாமல் மூன்று வருடமாக எழுதிய புத்தகமாம். அச்சில் வந்ததும் கொண்டுவந்து நீட்டலாம் என்றிருந்தாராம். அவருடைய பதவி உயர்வே அதை நம்பித்தான் இருந்தது. அறிக்கையின் முதல் பத்தியைப் படித்ததுமே, எழுதியது யார் என்று தெரிந்துவிட்டதாம்.

மீசை என்று நினைத்து எழுதித் தொலைத்ததைச் சொல்லித் தேம்பித் தேம்பி அழுதாள். அநியாயமாகக் கொன்றுவிட்ட அந்த நாலாவது அத்தியாயம் நெஞ்சை அறுத்தது.

"பதிப்பகத்துக்கு இப்பவே பேசி அந்த அறிக்கையைத் திரும்ப வாங்கிடறேங்க. அன்னைக்கு எழுதின அதே ஆளுன்னு சத்தியமே பண்ணியிருப்பேன். என் காதே போச்சு. இனிமே எனக்கு இந்த விமர்சனமே வேண்டாம்."

செல்போனை எடுத்து எண்ணை அழுத்தினாள். மணி போய்க்கொண்டிருந்தது.

இத்தனை வருடத்தில் அவள் இப்படி உடைந்து அவர் பார்த்ததில்லை. மனசு கேட்கவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து அவள் தோளில் கை வைத்தார்.

"உன் காது தப்பே பண்ணலம்மா. அன்னைக்கு எழுதினதும் நான்தான். அந்த வேலைக்கு உனக்கு அடுத்தபடியா நான்தானே இருந்தேன்."

அவள் அழுகை நின்றது. மறுமுனையில் எடுத்த பதிப்பாசிரியர், அறிக்கையில் ஏதாவது திருத்தம் இருக்கிறதா என்று கேட்டார். அவள் புறங்கையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"ஒண்ணும் இல்ல சார். சரியான ஆளுக்குத்தான் போய்ச் சேர்ந்திருக்கு."