லியோனார்டுக்கு ஓசி ஆகாது

"இன்னாமே, பிச்சைக்காரின்னு நெத்தியில எழுதி ஒட்டிக்கினு போறியா?"

வேலை முடிஞ்சு வந்த ஃப்ளோரன்ஸ் செருப்பைக்கூடக் கழட்டல. புருஷன் லியோனார்டு வாசல்லயே மறிச்சிட்டார்.

"இன்னாங்க ஆச்சு?"

"இன்னா ஆச்சா? டோல்கேட்டுல ஓசி பஸ்ஸ உட்டு எறங்குனியாமே. எங்கூட வேல பாக்குற உபைதுல்லா பாத்துட்டு வந்து யார்டு ஃபுல்லா தமுக்கு அடிச்சிக்கினு கீறான். ஷேர் ஆட்டோவுக்குன்னு தெனம் கையில காசு குடுத்துத்தானே அனுப்பறேன்?"

"பொம்பளைங்க எல்லாருந்தான் போறாங்க. கவுருமெண்டே உட்டுக்கீது."

"அவன் உடுவான். நமக்கு ரோசம் வேணாம்? சும்மா குடுக்கறதெல்லாம் வாங்கி வாங்கித்தான் இந்த ஜனமே கெட்டுப் போச்சு. இன்னொரு தபா அந்த பஸ்ஸுல கால வெச்சே, வேலையே வேணாம். வூட்லயே கெட!"

ஃப்ளோரன்ஸுக்குத் திருவொற்றியூர் துணிக் கம்பெனியில சட்டைக்குக் காஜா எடுக்கிற வேலை. பாட்டும் சிரிப்புமா பொழுது போற இடம். அதை உட்டுட்டு நாலு சுவத்தைப் பாத்துக்கினு உக்கார்றதுன்னா அவளுக்கு மூச்சு முட்டிப் போகும்.

"சரிங்க. நாளையிலேர்ந்து ஆட்டோலயே போறேன்."

லியோனார்டு கன்டெய்னர் யார்டுல ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுறவர். ஓசின்னா மனுசனுக்கு அப்படி ஒரு ஆத்திரம். கல்யாணத்துல தேங்காய்ப் பை குடுத்தாக்கூட, குடுக்கிறவனை ஒரு மொறை மொறைச்சிட்டுத்தான் வாங்கிப்பார்.

அன்னிக்கும் கத்தி முடிச்சு, கை கால் கழுவிக்கினு, டிவி முன்னாடி உக்காந்தார். செகண்ட் ஹேண்டுல வாங்கின பிளேஸ்டேஷன் பொட்டி, டிவியில மாட்டி கேம் ஆடறது. மாசம் பொறந்தா அதுல புதுசு புதுசா கேம் வந்து உக்காந்துக்கும்.

"இந்த மாசம் கார் ரேஸ் குடுத்துக்கீறான்மே. கூடவே ஒரு வாள் சண்ட. பைசா செலவில்ல!"

"அது மட்டும் ஓசி இல்லியா?" உள்ளேர்ந்து ஃப்ளோரன்ஸ் கேட்டாள்.

"லூசு மாதிரி பேசாத. நம்ம ஆட்டத்தப் பாத்து கம்பெனிக்காரனே மெச்சிக் குடுக்கிறான். தெறமைக்கு மரியாதை, தெரிஞ்சிக்கோ."

பொட்டிய மாட்டிக் குடுத்த டோல்கேட்டு மொபைல் கடை தீனா, மொத ஒரு வருஷம் இந்த கேமெல்லாம் ஃப்ரீன்னுதான் சொன்னான். வருஷம் தாண்டியும் வந்துகினே இருந்துச்சு. அதனால மனுசன் இப்படி ஒரு முடிவுக்கு வந்துட்டார்.

ஃப்ளோரன்ஸ் மீனைக் கழுவப் போயிட்டாள்.

அடுத்த மாசம். ஞாயித்துக்கெழம பூசை முடிஞ்ச கையோட, உபைதுல்லாவை வீட்டுக்கு இட்டாந்தார் லியோனார்டு.

"ஓசி பஸ்ஸுன்னு யார்டுல சிரிச்சியே மாமு, இங்க வா. கம்பெனிக்காரன் எனக்குக் குடுக்கிற மரியாதைய கண்ணால பாரு."

பொட்டியப் போட்டார். வரிசையா எல்லா கேமும் வந்துச்சு. ஒவ்வொண்ணு மேலயும் சின்னதா ஒரு பூட்டுப் படம்.

கார் ரேஸை அமுக்கினார். தெறக்கல. வாள் சண்டைய அமுக்கினார். அதுவும் தெறக்கல.

உபைதுல்லா கண்ணைச் சுருக்கிப் பாத்தார். "இன்னா நைனா, மரியாதைய எல்லாம் பூட்டு போட்டு வெச்சிக்கீறான்?"

"பேஜாரு பண்ணாத மாமு. ஒயர்ல கோளாறு."

ஒயரைப் புடுங்கி ஊதினார். பொட்டிய ரெண்டு தட்டு தட்டினார். மாதாவைக் கூப்பிட்டுப் பாத்தார். பூட்டு அசையல. உபைதுல்லா வறுத்த மீனை ஒரு கை பாத்துட்டு, சிரிப்பை அடக்க முடியாம கெளம்பிட்டார். நாளைக்கு யார்டுல இன்னா பேச்சுன்னு லியோனார்டுக்கு இப்பவே காதுல கேட்டுச்சு.

"நீங்க உக்காருங்க. காலையில வேலைக்குப் போறப்ப நானே தீனாகிட்ட கேட்டுக்கினு வர்றேன்," ஃப்ளோரன்ஸ் அவசரமா ஓடி வந்தாள்.

"பொம்பளைக்கு இதுல இன்னா தெரியும்? தள்ளு!"

பொட்டியத் துணிப்பையில போட்டுக்கினு டோல்கேட்டுக்கு வண்டிய உட்டார்.

தீனா போட்டுப் பாத்தான். "பொட்டி ஜம்முனு கீதுண்ணா. சந்தா கட்டல, அதான்."

"சந்தாவா? ஃப்ரீதானடா?"

"சந்தா கட்றவங்களுக்குத்தாண்ணா அது ஃப்ரீ. சந்தா நின்னா ஃப்ரீயா வந்த அத்தனையும் பூட்டிக்கும். வித்தவன் குடுத்தது மொத வருஷத்துக்கு மட்டும்."

"அப்ப அதுக்கப்புறம் எந்த பேமானிடா கட்டுனான்?"

தீனா நாக்கைக் கடிச்சிக்கினான். "பேமானின்னெல்லாம் சொல்லாதண்ணா. ஃப்ளோரன்ஸக்காதான்."

"யாரு?"

"மாசம் பொறந்தா இங்க பஸ்ஸ உட்டு எறங்கும், கட்டும், அடுத்த பஸ்ஸுல ஏறிப் போயிடும். ஆட்டோவுக்கு நீ குடுக்கிற காசுதானாம். இந்த மாசம் வர்ல. வழியில பாத்துக் கேட்டதுக்கு, இப்ப ஆட்டோலதாண்டா போறேன், கையில நிக்கலன்னுச்சு."

லியோனார்டு எகிறினார். "இத்தினி நாளா ஏண்டா எங்கிட்ட சொல்லல?"

"சொல்லக் கூடாதுன்னு சத்தியம் வாங்கிக்கிச்சுண்ணா. 'அவரு ரொம்ப ரோசக்காரரு தீனா. பொண்டாட்டி ஓசி பஸ்ஸுல போயி மிச்சம் புடிச்ச காசுல ஆடறோம்னு தெரிஞ்சா அன்னிக்கே ஆட்டத்த உட்டுடுவாரு. பாவம், ஆடிட்டுப் போட்டும்'னு."