ஒரு சுருதி உசரம்

குகைப் பிளவில் குடித்தனம் நடத்திய இலைமூக்கு வௌவால் தம்பதியை ஆராய்ச்சிக்காரர்கள் வலைபோட்டுப் பிடித்தார்கள். மூக்கை அளந்து, குரலைப் பதிவுசெய்துகொண்டு விட்டுவிட்டார்கள். மறுநாள் அவர்களுடைய கூடாரத்திலிருந்து சுண்டெலி சேதி கொண்டுவந்தது.

"மூக்கு ஒரே மாதிரிதானாம் அக்கா. ஆனா அண்ணன் குரல் உங்க குரலைவிட ஒரு சுருதி உசரமாம். அதனால நீங்க ரெண்டு பேரும் வேற வேற இனம்னு எழுதிட்டாங்க."

பெண் வௌவாலுக்குச் சிரிப்பு வந்தது. "எழுதினா எழுதட்டும். நமக்கென்னங்க?" என்று திரும்பியவளுக்குத் தூக்கிவாரிப்போட்டது. புருஷன் அதற்குள் ஒரு சாண் தள்ளித் தொங்கிக்கொண்டிருந்தான்.

அவள் வயிற்றில் ஒட்டியிருந்த குட்டி பசியில் கீச்சிட்டது. அவள் அதை மாரோடு அணைத்தாள்.

"பொறு, பால் கொடுக்காதே," என்றான் அவன், காதை நீட்டிக்கொண்டு. "அது இன்னொரு தடவை கத்தட்டும்."